மூலமும் உரையும்: வடகொரியத் தலைமையிலக்கியம் பற்றிய ஒரு நோக்கு

ஓர் அரசு பரம்பரை ஆட்சியாக மாறுவதற்குப் படைபலமும் கட்சியமைப்பும் மாத்திரம் போதுமானவையா, அன்றி அதற்கு முன்னரே மக்கள் மனத்தில் ஒரு கதை நிலைபெற வேண்டுமா என்ற வினா இலக்கிய மாணவனுக்கும் உரியதாகும். கொரிய சனநாயக மக்கள் குடியரசு 1948 செப்டெம்பர் 9ஆம் திகதி நிறுவப்பட்டது. கிம் இல் சுங் 1994 ஜூலையில் இறக்கும் வரை அதனை ஆண்டார். அவர் மைந்தர் கிம் ஜொங் இல் 2011 டிசெம்பரில் இறக்கும் வரை ஆண்டார். பேரன் கிம் ஜொங் உன் இன்று ஆள்கிறார். பொதுவுடைமையை இலட்சியமாக அறிவித்து எழுந்த நாடொன்றில் ஆட்சியுரிமை மூன்று தலைமுறையாக ஒரே குடும்பத்தில் தங்கியமைக்கு வேறு எடுத்துக்காட்டு இல்லை.

இலங்கையராகிய நாம் அந்நாட்டை இலக்கியத்தின் வாயிலாக அறிந்தவர்களல்லர். 1971 ஏப்ரல் கிளர்ச்சியின்போது கொழும்பிலிருந்த வடகொரியத் தூதரகம் அரசாங்கத்தால் மூடப்பட்ட செய்தியே நம்மில் மூத்தோர் பலரின் நினைவில் எஞ்சியிருப்பது. அணுவாயுதம், எறிகணை, எல்லைப் பதற்றம் என்பன பற்றிய செய்திகளே அதன் பின்னர் நம்மை எட்டின. அந்நாட்டு மக்கள் எதனை வாசிக்கின்றனர், எதனை எழுத அனுமதிக்கப்படுகின்றனர் என்பது பற்றி நாம் அதிகம் வினவியதில்லை. இக்கட்டுரை அவ்வினாவை எழுப்புகின்றது. அந்நாட்டின் தலைமையிலக்கியம் தோன்றி வளர்ந்த வகையை முதலிலும், அதன் நிழலில் எழுந்த இரு நூல்களைப் பின்னரும் நோக்குவது இதன் எல்லை. அவ்விரு நூல்களையும் ஆங்கில மொழிபெயர்ப்பிலேயே கற்றுள்ளமையால், மூலமொழியின் நடைநயம் பற்றி இங்கு எதுவும் கூறப்படவில்லை.

1. இயக்கம் அழிந்த கதை

வடகொரிய இலக்கியம் தலைவர் புகழோடு தொடங்கியதன்று. யப்பானிய ஆட்சியின் கீழ், 1925இல், கொரியப் பாட்டாளிவர்க்கக் கலைஞர் கூட்டமைப்பு தோன்றியது. வறுமை, நிலவுரிமை, தொழிலாளர் வாழ்வு ஆகியவற்றை எழுத்தின் பொருளாக்கிய இவ்வியக்கம் அடக்குமுறையின் விளைவாக 1935இல் கலைக்கப்பட்டது. 1945இல் விடுதலை கிடைத்தபோது, அதில் முன்னின்ற எழுத்தாளர் பலர் தம் இலட்சியம் வடக்கிலேயே நிறைவேறும் என நம்பி அங்குச் சென்றனர்.

அவர்களுள் இருவரின் கதை நம் கவனத்துக்குரியது. கவிஞரும் திறனாய்வாளருமான இம் ஹுவா கூட்டமைப்பின் தலையாய அறிஞர்களுள் ஒருவர். 1947இல் வடக்கே சென்ற அவர், 1953இல் அமெரிக்க உளவாளி எனக் குற்றஞ்சாட்டப்பட்டுக் கொல்லப்பட்டார். மற்றையவர் நாவலாசிரியர் ஹன் சொல்யா. கிம் இல் சுங்கின் கெரில்லா வாழ்வைப் புனைகதைப் பொருளாக முதலில் எடுத்தாண்டவர்களுள் இவரும் ஒருவர். 1946லேயே அத்தகைய கதையை எழுதினார். எழுத்தாளர் சங்கத்துக்குத் தலைமை தாங்கி, இம் ஹுவா போன்றோரைக் கண்டித்து, அதிகாரத்தின் உச்சியை எட்டினார். ஆயின் 1960களின் முற்பகுதியில் அவரும் பதவியிழந்து பொதுவாழ்விலிருந்து மறைந்தார். மாறுபட்டவர் கொல்லப்பட்டார் என்பதினும், தலைவர் புகழுக்கு வித்திட்டவரும் ஒதுக்கப்பட்டார் என்பதே நாம் ஊன்றி நோக்கவேண்டியது. புகழ்ச்சியைத் தொடக்கியவர் என்ற உரிமைகூட எழுத்தாளனுக்கு விடப்படவில்லை.

1967இல் கட்சிக்குள் எஞ்சியிருந்த மாற்றணியினரும் களையெடுக்கப்பட்டனர். அதன்பின் இலக்கிய வரலாறே திருத்தியெழுதப்பட்டது. புதிய இலக்கியத்தின் வேர் பாட்டாளிவர்க்கக் கூட்டமைப்பில் இல்லை, மஞ்சூரியக் காடுகளில் கிம் இல் சுங்கின் படையினர் நடித்த நாடகங்களிலும் பாடிய பாடல்களிலுமே உள்ளது என அறிவிக்கப்பட்டது. ஒரு தலைமுறை எழுத்தாளர்களின் கூட்டுழைப்பு மறைக்கப்பட்டு, அவ்விடத்தில் தனியொருவரின் பெயர் மூலமாக நிறுத்தப்பட்டது.

2. உரையாசிரியரான மைந்தன்

மூலம் ஒன்று நிறுவப்பட்டால் அதற்கு உரைகாண்பவன் ஒருவன் வேண்டும். இவ்விடத்திலேதான் கிம் ஜொங் இல்லின் எழுச்சியைப் புரிந்துகொள்ளும் திறவுகோல் உள்ளது என்பது எமது கருத்து. அவர் போர்க்களத்திலோ தொழிற்சங்கத்திலோ பெயர்பெற்றவரல்லர். கட்சியின் பிரசாரப் பகுதியில், திரைப்படத்தையும் நாடகத்தையும் இலக்கியத்தையும் நெறிப்படுத்தியே அவர் அதிகாரத்துக்கு வந்தார்.

'குருதிக் கடல்' என்ற நாடகத்தை 1936இல் கிம் இல் சுங்கே படைத்தார் என்பது அரசின் கூற்று. யப்பானியப் படையினரின் கொடுமைக்கு ஆளான தாயொருத்தி புரட்சிக்காரியாக மாறுவதே அதன் கதை. 1969இல் அது திரைப்படமாகவும் 1971இல் இசைநாடகமாகவும் ஆக்கப்பட்டது. 1972இல் 'பூக்காரப் பெண்' இசைநாடகமாகவும் திரைப்படமாகவும் வெளிவந்தது; அதன் மூலமும் தந்தையாருடையதே எனப்பட்டது. இவ்வாக்கங்களை வழிநடத்தியவர் மைந்தர். தந்தை ஆசிரியர், மைந்தர் நெறியாளர் என்னும் உறவு, அரசியலில் வாரிசுரிமை பேசப்படுவதற்கு முன்னரே மேடையில் நிலைநாட்டப்பட்டுவிட்டது.

1973இல் கிம் ஜொங் இல் திரைப்படக் கலை பற்றிய தம் நூலை வெளியிட்டார். ஒவ்வொரு படைப்புக்கும் 'வித்து' ஒன்று உண்டு, கதை, பாத்திரம், நடை யாவும் அதிலிருந்தே முளைக்கவேண்டும் என்பது அந்நூலின் மையக் கோட்பாடு. படைப்பின் ஒருமை பற்றிய கருத்து என்ற அளவில் இதில் தவறு காண்பதற்கில்லை. ஆயின் எவ்வித்துச் சரியானது எனத் தீர்மானிக்கும் உரிமை எழுத்தாளனிடம் இல்லை, கட்சியிடம் உள்ளது என்னும்போது, கலைக்கோட்பாடு தணிக்கைக் கோட்பாடாக மாறிவிடுகின்றது. நூல் வெளிவந்த மறு ஆண்டிலேயே அவர் கட்சியின் உள்வட்டத்தில் வாரிசாக ஏற்கப்பட்டார். தந்தையாரின் சிந்தனைகளுக்குத் தனிக் கோட்பாடாகப் பெயரும் சூட்டினார். அதே 1974இல் வெளியான பத்துக் கோட்பாடுகள், அறிக்கையாயினும் விரிவுரையாயினும் அச்சிட்ட எழுத்தாயினும் தலைவரின் போதனையை மேற்கோளாகக் கொண்டே அமையவேண்டும் என விதித்தன. 1980இல் நடைபெற்ற ஆறாவது கட்சி மாநாட்டிலேயே அவர் வாரிசு என்பது உலகறிய வெளிப்பட்டது. கலை மேடையில் முடிந்துவிட்ட ஒன்றை அரசியல் மேடை பின்னர் உறுதிசெய்தது எனலாம்.

ஒரு நூலுக்குப் பல உரைகள் எழுவதும், பின்வந்த உரையாசிரியர் முன்னையோரை மறுப்பதும் நாம் அறிந்த மரபு. மூலம் உயிரோடிருப்பதே அம்மறுப்பினால்தான். வடகொரியாவிலோ உரை ஒன்றே. அதனை மறுப்பது குற்றம். திறனாய்வுக்குரிய இடமும் உரையாசிரியர் ஒருவருக்கே உரியதாயிற்று. இதற்குச் சான்றாக அமைவது தென்கொரிய நெறியாளர் ஷின் சங் ஒக்கும் நடிகை சொய் உன் ஹியும் பெற்ற அனுபவம். இருவரும் 1978இல் கடத்திச் செல்லப்பட்டு, வடகொரியாவுக்காகத் திரைப்படங்கள் ஆக்கி, 1986இல் வியன்னாவில் தப்பினர். அவர்கள் இரகசியமாகப் பதிவுசெய்த ஒலிநாடாவிலே, தம் நாட்டுப் படங்கள் ஒரே கதையைத் திரும்பத் திரும்பக் கூறுகின்றன, எங்கும் அழுகைக் காட்சிகளே மலிந்துள்ளன எனக் கிம் ஜொங் இல் சலித்துக்கொள்கின்றார். அக்குறை உண்மையானதே. ஆயின் அந்நாட்டில் அதனை அச்சமின்றிக் கூறவல்லவர் அவர் ஒருவரே. அந்நிலையைத் தோற்றுவித்தவரும் அவரே.

3. பெருங்குடும்பமும் சிறுகுடும்பமும்

1967இல் நிறுவப்பட்ட 'ஏப்ரல் 15 இலக்கியப் படைப்புக் குழு', கிம் இல் சுங்கின் பிறந்த நாளைப் பெயராகக் கொண்டது. தலைவரைப் பாத்திரமாகக் கொண்ட நாவல்களை எழுதுவதே அதன் பணி. 'அழியா வரலாறு' என்ற தொடரின் முதல் நாவல் 1972இல், தலைவரின் அறுபதாம் ஆண்டு நிறைவில் வெளிவந்தது. கிம் ஜொங் இல்லுக்கும் இத்தகையதொரு தொடர் பின்னர் எழுந்தது. அவர் பெக்து மலையின் மறைமுகாமில் 1942இல் பிறந்தார் என்பது அரசு கூறும் வரலாறு. சோவியத் ஆவணங்களோ, கபரொவ்ஸ்க் நகருக்கு அண்மையிலுள்ள சிற்றூரொன்றில் 1941இல் பிறந்தார் எனக் காட்டுகின்றன. பிறப்பிடம் இடம்மாறியதற்குக் காரணம் தெளிவு. கொரியரின் தொல்கதையோடு பிணைந்த மலையிலன்றி வேறிடத்தில் வாரிசு பிறப்பது கதையமைதிக்குப் பொருந்தாது.

இத்தலைமையிலக்கியத்தைச் சோஷலிச யதார்த்தவாதத்தின் கிளையெனக் கொள்வோர் உளர். ஆய்வாளர் பி. ஆர். மையர்ஸ் இதனை மறுப்பார். சோவியத் நாவலின் நாயகன் தன்னுணர்வில் முதிர்ச்சி பெறுகின்றான். வடகொரியக் கதைமாந்தரோ குழந்தைத் தன்மையிலேயே நிலைத்து நிற்க, தலைவர் தாயின் இயல்போடு அவர்களை அரவணைக்கின்றார் என்பது அவர் கருத்து. மையர்சின் கருத்துக்கள் அனைத்தும் ஏற்கத்தக்கன எனக் கூறுவதற்கில்லை. எனினும் இவ்வவதானிப்பு பயன் மிக்கது. நாடு ஒரு பெருங்குடும்பம், தலைவர் அதன் தாயும் தந்தையும், மக்கள் என்றும் வளராத பிள்ளைகள் என்னும் உருவகமே இவ்விலக்கியத்தின் அடித்தளம். பெற்றோரைத் தேர்தலில் தெரிவதில்லை. பெற்றோரின் இடத்துக்கு மூத்த பிள்ளை வருவதை எவரும் வினவுவதில்லை. பரம்பரை ஆட்சிக்கு வேண்டிய நியாயம் முழுவதும் அவ்வுருவகத்திலேயே அடங்கியுள்ளது.

நடைமுறை வாழ்விலோ இப்பெருங்குடும்பம் சிறுகுடும்பங்களை நசுக்கியே நிலைபெற்றது. 'சொங்புன்' எனப்படும் முறையின்படி மக்கள் விசுவாசிகள், ஊசலாடுவோர், பகைவர் என மூன்றாக வகுக்கப்பட்டனர். பாட்டனின் தொழிலும் தந்தையின் பிழையும் பேரனின் கல்வியையும் திருமணத்தையும் வதிவிடத்தையும் தீர்மானித்தன. ஒருவர் செய்த அரசியற் குற்றத்துக்காக உறவினர் மூன்று தலைமுறை வரை முகாமில் அடைக்கப்பட்டனர். மைக்கல் கேர்பி தலைமையிலான ஐக்கிய நாடுகள் விசாரணைக் குழு 2014இல் வெளியிட்ட அறிக்கை, அரசியற் சிறைமுகாம்களில் 80,000 முதல் 120,000 பேர் வரை இருந்தனர் என மதிப்பிட்டு, அங்கு நிகழ்வன மானிட குலத்துக்கெதிரான குற்றங்கள் என முடிவுசெய்தது. 1990களின் நடுப்பகுதியில் பொது உணவு விநியோகம் சீர்குலைந்தபோது பல இலட்சம் மக்கள் பஞ்சத்தில் மாண்டனர். ஆட்சியுரிமை ஒரு குடும்பத்தில் வழிவழி இறங்க, குற்றம் ஏனைய குடும்பங்களில் வழிவழி இறங்கியது. இரண்டும் ஒரே தர்க்கத்தின் இரு பக்கங்கள்.

4. அனுமதிக்கப்பட்ட நாவல்

இவ்விறுக்கத்துக்குள்ளும் மனித வாழ்வை எழுத முடிந்ததா? பெக் நம் ரியோங் 1988இல் வெளியிட்ட 'நண்பன்' என்ற நாவல் முடிந்தது என்பதற்குச் சான்றாகும். ஆசிரியர் தொழிற்சாலைத் தொழிலாளராக வாழ்வைத் தொடங்கியவர். நாவல் உள்நாட்டில் பெருவரவேற்புப் பெற்றுத் தொலைக்காட்சி நாடகமாகியது. தென்கொரியாவில் 1992இலும், பிரெஞ்சில் 2011இலும், ஆங்கிலத்தில் 2020இலும் வெளிவந்தது.

கலைக்குழுப் பாடகியொருத்தி, கடைசல் இயந்திரத் தொழிலாளியான தன் கணவனிடமிருந்து மணமுறிவு கோரி நீதிபதியிடம் வருகின்றாள். தொழிற்சாலையிலிருந்து மேடைக்கு உயர்ந்தவள் அவள். இருந்த இடத்திலேயே நின்றுவிட்டவன் அவன். இடையில் ஒரு சிறுவன். நீதிபதி இருவர் தரப்பையும் கேட்கின்றார். மழையில் நனைந்த சிறுவனைத் தம் இல்லத்துக்கு அழைத்துச் செல்கின்றார். இவ்வழக்கை ஆராயும் நீதிபதியின் இல்லறமும் குறையற்றதன்று. மலைநாட்டுக் கிராமமொன்றில் மரக்கறி ஆராய்ச்சியில் ஈடுபட்ட மனைவி நெடுநாள் வீட்டில் இல்லாதிருக்க, சமையலையும் அவள் வளர்க்கும் செடிகளையும் தாமே கவனிக்கும் அவர், தம் உள்ளத்தில் எழும் சலிப்பைத் தமக்குள்ளேயே ஒப்புக்கொள்கின்றார்.

குறைகள் இல்லாமலில்லை. நீதிபதி பல இடங்களில் போதகராகிவிடுகின்றார். கதை மீள்இணைவை நோக்கியே செலுத்தப்படுகின்றது. தீமை செய்த அதிகாரி தண்டிக்கப்பட, அமைப்பு குற்றமற்றதாக எஞ்சுகின்றது. எனினும் இந்நாவலில் தலைவர் ஏறக்குறைய இல்லை. கணவனும் மனைவியும் ஏன் பேசாதிருக்கின்றனர் என்ற வினாவுக்குத் தலைவரின் போதனை விடையாக வருவதில்லை. விடையைத் தேட நீதிபதி வீடுவீடாக நடக்கவேண்டியுள்ளது. அந்நடையே நாவலின் வெற்றி. ஆனால் இவ்வெற்றிக்குப் பின் பெக் நம் ரியோங் ஏப்ரல் 15 குழுவில் சேர்ந்து தலைமை நாவல்களை எழுதுபவரானார். அந்நாட்டின் இலக்கிய ஒழுங்கில் அது பதவி உயர்வு. சிறுகுடும்பத்தை நன்கு எழுதத் தெரிந்தவனைப் பெருங்குடும்பம் தன் பணிக்கு எடுத்துக்கொண்டது என நாம் வாசிக்கலாம்.

5. கடத்தப்பட்ட கதைகள்

'குற்றச்சாட்டு' என்ற தொகுதி இதற்கு நேர்மாறானது. மின்மினி எனப் பொருள்படும் பண்டி என்ற புனைபெயரில் எழுதியவர் வடகொரியாவில் வாழும் எழுத்தாளர் எனவும், கைப்பிரதி இரகசியமாக வெளிக்கொணரப்பட்டது எனவும் பதிப்பித்தோர் கூறுவர். 2014இல் சியோலிலும் 2017இல் ஆங்கிலத்திலும் வெளிவந்த இத்தொகுதியில் 1989 முதல் 1995 வரை எழுதப்பட்டனவாகத் திகதியிடப்பட்ட ஏழு கதைகள் உள்ளன. ஆசிரியர் யார் என்பதில் ஐயம் எழுப்பியோரும் உளர். அவ்வையம் தீரும்வரை கதைகளைப் புறந்தள்ளவேண்டியதில்லை. அவற்றைக் கதைகளாகவே மதிப்பிடலாம்.

ஏழு கதைகளும் பெருங்குடும்ப உருவகத்தைச் சிறுகுடும்பத்தின் வாசலில் வைத்துச் சோதிப்பனவாகும். ஒரு கதையில், பியோங்யாங் சதுக்கத்தை நோக்கிய சாளரத்தினூடே தெரியும் கார்ல் மார்க்ஸின் உருவப்படத்தைப் பிள்ளைபிடிகாரன் எனக் கருதிக் குழந்தையொன்று வீரிடுகின்றது. நம்பிக்கைக்குரிய பிரிவைச் சேர்ந்த தாய், குழந்தையின் அச்சந்தீரத் திரைச்சீலையை மூடுகின்றாள். மூடிய திரை சந்தேகத்துக்கு இடமாகி, முடிவில் அக்குடும்பம் தலைநகரிலிருந்தே வெளியேற்றப்படுகின்றது. இன்னொரு கதையில், சுரங்கத் தொழிலாளியொருவன் சாகுந்தறுவாயிலுள்ள தாயைக் காணப் பயண அனுமதி கிடைக்காமல், களவாகப் புகையிரதமேறிப் பிடிபடுகின்றான். வேறொன்றில், தலைவரின் பயணத்துக்காக வீதிகளும் புகையிரதங்களும் நிறுத்தப்பட, புகையிரத நிலைய நெரிசலில் ஒரு முதியவரும் பேர்த்தியும் காயமுறுகின்றனர். அதே வேளை, கால்நடையாகப் புறப்பட்ட பாட்டியைத் தலைவர் தம் வாகனத்தில் ஏற்றிச் செல்கின்றார். தலைவரின் கருணை ஊரெங்கும் ஒலிபரப்பாக, அவ்வொலியைக் கேட்டவாறே காயமுற்ற பேர்த்தியின் அருகில் பாட்டி அமர்ந்திருக்கின்றாள். தலைமையிலக்கியம் பல நூறு தடவை கூறிய கருணைக் கதையை ஒரு சொல்லும் மாற்றாது எடுத்து, அதன் மறுபக்கத்தைக் காட்டும் இக்கதையே தொகுதியின் சிறந்த கதை.

'மேடை' என்ற கதை 1994இல் கிம் இல் சுங் இறந்த பின்னர் நிகழ்வது. அஞ்சலி மேடைகளுக்கு மலர் தேடி மக்கள் மலைமலையாக அலைகின்றனர். பாதுகாப்பு அதிகாரியான தந்தைக்கும் மைந்தனுக்கும் இடையே மோதல் மூள்கின்றது. எவரும் கற்பிக்காமலே மக்கள் யாவரும் நடிகராகிவிட்டனர் என்கின்றான் மைந்தன். அவ்வுண்மையைக் கண்ணாரக் கண்ட தந்தை அதனைத் தாங்கமாட்டாது உயிர்மாய்த்துக்கொள்கின்றார். படங்களில் அழுகை மிகுந்துவிட்டதெனச் சலித்துக்கொண்டவரின் நாட்டிலே, மக்கள் வீதியில் அழக் கற்றுக்கொண்ட கதை இது.

கலைநோக்கில் இக்கதைகள் சம தரத்தன அல்ல. குறியீடுகள் உரத்துப் பேசுகின்றன. முடிவுகள் மரணத்தையோ பேரிடியையோ நாடுகின்றன. தீயோர் வெறும் தீயோராகவே வந்து போகின்றனர். இவை பெரும்பாலும் அந்நாட்டு அரச இலக்கியத்தின் பண்புகளே. கைதி சிறைக்குள் கிடைத்த இரும்பைக்கொண்டே அரம் செய்வது போல, ஆசிரியர் தாம் பயின்ற கருவிகளையே எதிர்த்திசையில் பயன்படுத்துகின்றார். இதனைக் குறையெனச் சுட்டுவது திறனாய்வாளனின் கடமை. அக்குறை எங்கிருந்து வந்தது என்பதைச் சுட்டுவதும் அவன் கடமையே.

6. முடிவுரை

மூன்றாம் தலைமுறையில் மூலமும் உரையும் மேலும் இறுகின. 1998இன் அரசியலமைப்பு இறந்த கிம் இல் சுங்கை நிரந்தர சனாதிபதியாக்கியது. 2013இல் திருத்தப்பட்ட பத்துக் கோட்பாடுகள் பெக்து இரத்த வழியையே எழுத்தில் ஏற்றின. அதே ஆண்டு கிம் ஜொங் உன்னின் மாமனாகிய ஜங் சொங் தெக் கொல்லப்படுவதற்குச் சில நாட்களின் முன்னர், மறுஒளிபரப்பான ஆவணப்படத்திலிருந்து அவர் உருவம் நீக்கப்பட்டிருந்தது. 2020இல் அயற்கலாசாரத்தைத் தண்டிக்கும் சட்டமும், 2023இல் தென்கொரியச் சொல்வழக்கைப் பேசுவதையும் குற்றமாக்கும் சட்டமும் இயற்றப்பட்டன. பிள்ளைகள் பேசும் சொல்லையும் அஞ்சும் நிலையை அவ்வரசு அடைந்துள்ளது.

இலக்கியம் மக்களுக்காகவே என்ற கொள்கை இம்மண்ணிலும் நல்ல பயன் தந்த கொள்கையாகும். அதனை ஏற்றவர்களுக்கே வடகொரிய அனுபவம் முதன்மையான பாடமாகின்றது. அங்கு மக்களுக்காக எழுந்த இயக்கம் அந்நியரால் ஒடுக்கப்பட்டதோடு முடியவில்லை. மக்களின் பெயராலேயே அதன் கவிஞன் கொல்லப்பட்டான், அதன் வரலாறு அழிக்கப்பட்டது, அதன் சொற்கள் ஒரு குடும்பத்தின் உடைமையாயின. இம்மாற்றத்தின் ஒவ்வொரு படியிலும் எழுத்தாளர் சிலர் மற்றையோரைக் கண்டித்துக் கையொப்பமிட்டனர் என்பதையும் மறத்தலாகாது. எனவே ஓர் இலக்கியம் மக்களைப் பற்றியதா என்று கேட்பதோடு நாம் நிறைவடைதல் கூடாது. அம்மக்கள் அதற்கு மறுமொழி கூற முடியுமா, அதற்கு வேறோர் உரை எழுத முடியுமா என்றும் கேட்கவேண்டும். திரைச்சீலையை மூடிய அத்தாயும், ஒலிபரப்பைக் கேட்டிருந்த அப்பாட்டியும் தம் நாட்டில் எழுத இயலாத உரையைத்தான் பண்டியின் கைப்பிரதி எல்லை கடந்து கொண்டுவந்தது.